சிவாஜியின் நிர்வாகம்: தலைமை ஏற்போருக்குச் சில பாடங்கள்

வாள் பிடித்தவரை வாழ்த்துவது உலக வழக்கம். கணக்குப் பிடித்தவரை நினைப்பாரில்லை. மராட்டிய மன்னர் சிவாஜியின் பெயரைக் கேட்ட மாத்திரத்தில் நம்மவர் மனக்கண்முன் தோன்றுவன குதிரையும், உருவிய வாளும், 1659இல் அப்சல்கான் வீழ்ந்த காட்சியுமேயாம். ஆனால், 1630இல் ஒரு ஜாகீர்தாரின் மகனாய்ப் பிறந்து, 1680இல் ஒரு தனியரசின் மன்னராய் மறைந்த அம்மனிதரை வீரர் என்று மட்டும் கூறிவிடுவது பாதிச் சரித்திரமே. நாட்டைப் பிடித்தது வீரம்; பிடித்த நாட்டை நிலைநிறுத்தியது நிர்வாகம். சங்கம் நடத்துவோரும், கடை நடத்துவோரும், தோட்டத்தில் பத்துப் பேரை வேலை ஏவுவோரும் கற்கத்தக்க செய்தி அந்த மறுபாதியிலேதான் இருக்கிறது என்பது நம் கருத்து.

முதலாவது, சம்பளம். அக்காலத் தக்கணத்தில் படைத்தலைவனுக்குப் பணம் கொடுப்பதற்குப் பதிலாக நிலத்தை ஜாகீராக விடுவதே வழக்கம். அவன் குடிகளிடம் வரி தண்டித் தன் படையைப் பேணுவான். எவ்வளவு தண்டினான் என்பதை அரசன் அறியான். குடியானவனுக்கோ அவனே அரசன். கைநிறையப் பொருளும் படையும் சேர்ந்தபின் எசமானையே எதிர்ப்பான். சிவாஜி இம்முறையைப் பெரிதும் ஒடுக்கி, படையினருக்கும் உத்தியோகஸ்தருக்கும் பொக்கிஷத்திலிருந்து பணமாகச் சம்பளம் கொடுக்க ஏற்பாடு செய்தார். தனக்குக் கீழுள்ளவரைப் பிழிந்தால்தான் தன் வயிறு நிறையும் என்ற நிலையில் ஒருவனை வைத்துவிட்டு, பிறகு அவனிடம் நேர்மையை எதிர்பார்ப்பது பேதைமை. ஒழுக்கத்தை உபதேசிக்குமுன் ஊதியத்தைச் சீராக்க வேண்டும் என்பதை அவர் அறிந்திருந்தார்.

இரண்டாவது, அதிகாரப் பங்கீடு. அவருடைய அரசின் உயிர் மலைக்கோட்டைகளில் இருந்தது. ஒரு கோட்டையை ஒருவனிடமே ஒப்படைத்தால், பகைவன் அவன் ஒருவனை விலைக்கு வாங்கினாற் போதும். ஆகவே ஹவில்தார், சப்னீஸ், சர்னோபத் என்ற சமநிலை அதிகாரிகள் மூவரை ஒவ்வொரு கோட்டையிலும் அமர்த்தினார். காவல் ஒருவரிடம், கணக்கு மற்றொருவரிடம். முக்கிய காரியங்களில் மூவரும் ஒன்று கூடியே நடத்தல் வேண்டும். இது யாரையும் அவமதிப்பதன்று. பணப்பெட்டியின் சாவியையும் கணக்குப் புத்தகத்தையும் ஒரே கையில் கொடுத்துக் கெட்ட சங்கங்கள் எத்தனை என்பதை நேயர்கள் எண்ணிப் பார்க்கட்டும்! நல்லவனையும் சோதனைக்குள்ளாக்காமற் காப்பதே நல்ல ஏற்பாடு.

மூன்றாவது, சிறியதைக் காணும் கண். 1670களில், மழைக்காலத்தில் சிப்லூன் பக்கம் தங்கியிருந்த குதிரைப் படையின் அதிகாரிகளுக்கு அவர் விடுத்த கட்டளைக் கடிதம் ஒன்று இன்றும் கிடைக்கிறது. மழை முடியும் வரைக்கும் சேர்த்து வைத்த தானியத்தையும் புல்லையும் முதலிலேயே வீணாக்கினால், பின்னர் குதிரைகள் பட்டினியால் மடியும். நீங்கள் குடியானவனுடைய தானியத்திலும் விறகிலும் காய்கறியிலும் கை வைக்கத் தொடங்குவீர்கள். அவன் ஊரைவிட்டு ஓடுவான், மொகலாயரிலும் கொடியவராக உங்களை எண்ணுவான் என்று அதில் எச்சரிக்கிறார். அதனோடு நிற்கவில்லை. இரவில் விளக்கை எரியவிட்டு உறங்கினால், எலி திரியை இழுத்துச் சென்று புற்போரில் தீ மூட்டிவிடும் என்பதையும் நினைவூட்டுகிறார். பேரரசோடு போராடிய மன்னர் எலியையும் மறக்கவில்லை. ஏழைக் குடியானவனையும் மறக்கவில்லை. இரண்டையும் மறக்கும் தலைவர்களே நாட்டில் மிகுதி.

நான்காவது, தோல்வியைத் தாங்கும் ஆற்றல். 1665இல் புரந்தர் உடன்படிக்கையின்படி 23 கோட்டைகளை மொகலாயரிடம் விட்டு, 12 கோட்டைகளுடன் நின்றார். வீண் மானம் பேசி அனைத்தையும் இழக்கவில்லை. மறு ஆண்டில் ஆக்ராவில் அவுரங்கசீப்பின் காவலில் அகப்பட்டிருந்து தப்பினார். அம்மாதங்களில் அவருடைய அன்னை ஜீஜாபாயும் அதிகாரிகளும் அரசைக் குலையாது காத்தனர். தலைவன் இல்லாதபோதும் வேலை நடக்குமாயின், அதுவே தலைவனுக்கு உரிய நற்சாட்சிப் பத்திரம். 1670இல் அவர் கோட்டைகளை மீட்கத் தொடங்கியபோது, பொறுத்திருந்த காலம் வீண்போகவில்லை என்பது விளங்கிற்று.

ஆட்களைத் தெரிந்தெடுப்பதிலும் அவர் மதத்தைப் பார்க்கவில்லை. கடற்படைத் தலைவருள் ஒருவர் தௌலத்கான். அவரிடம் எழுத்து வேலை பார்த்தவருள் ஒருவர் காஜி ஹைதர். இத்தகைய மனிதரே 1674இல் முடிசூட நினைத்தபோது, அவர் சத்திரியர்தாமா என்ற கேள்வி எழுந்தது. காசியைச் சார்ந்த காகபட்டர் வந்தே சடங்கை நடத்திவைக்க நேர்ந்தது. திறமையால் நாட்டை ஆண்டவரைப் பிறப்பு வாசலில் நிறுத்திக் கேள்வி கேட்டது! இதன் பொருளை நாம் விரித்துரைக்க வேண்டுவதில்லை.

புகழ்ச்சி மட்டும் கூறினால் அது சரித்திரமாகாது. 1664இலும் 1670இலும் அவர் சூரத்தைக் கொள்ளையிட்டார். அந்நகர வணிகர் அவரை வேறு விதமாகவே நினைத்திருப்பர். தமக்குப்பின் யார் என்பதையும் அவர் தெளிவாக முடித்துவைக்கவில்லை. அவர் கண் மூடியதும் மூத்த மகன் சாம்பாஜிக்கும் இளைய மகன் ராஜாராமின் கட்சியாருக்கும் பூசல் மூண்டது. ராஜாராம் காலத்தில் ஜாகீர் முறை மீண்டும் தலைதூக்கியது. 1713இல் பாலாஜி விசுவநாதர் பேஷ்வாவானபின் அப்பதவியே பரம்பரைச் சொத்தாயிற்று. தலைவன் இட்ட நல்விதிகள் அவனுக்குப் பின்னும் நிற்க வேண்டுமானால், அவற்றின் காரணத்தை அடுத்த தலைமுறையினர் உள்ளத்தில் பதிய வைக்கவும் வேண்டும்.

ஆயினும் அவருடைய முன்னறிவுக்கு நம் தமிழ்நாட்டிலேயே ஒரு சான்று நிற்கிறது. 1677இல் அவர் செஞ்சிக் கோட்டையைக் கைப்பற்றி வலுப்படுத்தினார். அவர் மறைந்து ஒன்பது ஆண்டுகளுக்குப்பின், 1689இல், மராட்டிய நாடு மொகலாயர் கையில் சிக்கித் தவித்தபோது ராஜாராமுக்குப் புகலிடம் அளித்தது அச்செஞ்சியே. 1690 முதல் 1698 வரை மொகலாயப் படையை அது தடுத்து நிறுத்திற்று.

தான் காணப்போகாத நாளுக்காக இன்று ஒரு கல்லை எடுத்து வைப்பவனே தலைவன். நம் சங்கங்களிலும் தொழில்களிலும் பதவியை நாடுவோர், முதலில் இக்கேள்வியைத் தம்மையே கேட்டுக்கொள்ளட்டும்: நாம் இல்லாத நாளில் இங்கு என்ன நிற்கும்?