பனமரம் முதல் மாவிலாத்தோடு வரை



நீலகிரி மாவட்டத்தில், கூடலூரை அடுத்து, முதுமலைக் காட்டின் பக்கமாக அமைந்திருக்கும் ஊர் ஸ்ரீமதுரை. நீலகிரி என்றதும் உதகையும் குன்னூரும் தேயிலைச் சரிவுகளுமே பெரும்பாலோர் நினைவுக்கு வருகின்றன. கூடலூர்ப் பகுதியின் பழைய முகம் வேறு. குன்றுகளுக்கிடையே தாழ்ந்த நிலம், அந்நிலத்தில் நெல்வயல், வயலைச் சுற்றிலும் காடு. இது வயநாட்டின் முகம். 1877-ஆம் ஆண்டு வரையில் இப்பகுதி மலபார் மாவட்டத்து வயநாட்டின் தென்கிழக்குக் கூறாகவே இருந்தது. அவ்வாண்டில்தான் அது நீலகிரியோடு சேர்க்கப்பெற்றது. பின்னர் 1956 நவம்பர் முதல் நாளன்று மொழிவாரி மாநிலங்கள் அமைந்தபொழுது, வயநாட்டின் பெரும்பகுதி கேரளத்திற்குச் சென்றது. கூடலூரும் ஸ்ரீமதுரையும் சென்னை மாநிலத்தில் நின்றன. நிலப்படத்தில் ஓர் எல்லைக்கோடு விழுந்தது. நம் நினைவிலும் அக்கோடு விழுந்துவிடலாமா என்பதே இன்று நாம் எண்ணிப் பார்க்க வேண்டிய கேள்வி.

ஏன் இவ்வாறு கேட்கிறோம்? ஸ்ரீமதுரையிலிருந்து விடியற்காலையில் புறப்பட்டு இரவுக்குள் திரும்பிவிடக்கூடிய தொலைவில், கிழக்கிந்தியக் கும்பினியை எதிர்த்து நிகழ்ந்த நீண்டதொரு போரின் களங்கள் இருக்கின்றன. அவற்றைக் காண்பதற்கு முன், வேறு இரண்டு இடங்களை மனக்கண்ணால் பார்த்துவருவோம்.

அமெரிக்க நாட்டில் பாஸ்டன் நகருக்கு அருகே கான்கார்டு என்னும் சிற்றூர் உள்ளது. 1775 ஏப்ரல் 19 அன்று, அவ்வூரின் வடபாலத்தருகே, உழவர்களும் கைவினைஞருமாகிய குடிப்படையினர் ஆங்கிலப் படையை எதிர்த்துச் சுட்டனர். பாலத்தில் நடந்த சண்டை சில நிமிடங்களுக்கு மேல் நீடிக்கவில்லை. ஆயினும் உலகம் அதனை மறக்கவில்லை. காரணம் என்ன? பாலத்திற்குப் பக்கத்திலேயே ஒரு வீடு இருந்தது. அவ்வீட்டில் வாழ்ந்த சமயகுரு வில்லியம் எமர்சன் அச்சண்டையை அருகிலிருந்து கண்டவர். அவருடைய பேரனே புகழ்பெற்ற அறிஞர் ரால்ஃப் வால்டோ எமர்சன். போர் நினைவுத்தூணுக்காக 1837-இல் பாடல் இயற்றியவர் அவர்தாம். அதே வீட்டில் 1842 முதல் மூன்றாண்டுகள் நாவலாசிரியர் ஹாதார்ன் குடியிருந்தார். தோரோவும் லூயிசா மே ஆல்காட்டும் அவ்வூரிலேயே வாழ்ந்து எழுதினர். இன்று அங்கே செல்வோர் பாலத்தையும் எழுத்தாளர் இல்லங்களையும் ஒரே நாளில் கண்டு திரும்புகின்றனர். களமும் எழுத்தும் அடுத்தடுத்து நிற்கின்றன.

நம் தமிழகத்தில் இதற்கு ஒப்பான வழி ஒன்று உண்டு. பாஞ்சாலங்குறிச்சியில் கட்டபொம்மன் கோட்டை இருந்தது. 1799-இலும் 1801-இலும் அங்கே கடும்போர் நிகழ்ந்தது. இரண்டாவது போருக்குப் பின் கும்பினியார் கோட்டையைத் தரைமட்டமாக்கினர். ஊரின் பெயரையே நிலப்படத்திலிருந்து நீக்கினர். அங்கிருந்து சற்றுத் தொலைவில் ஒட்டப்பிடாரம். அது 1872-இல் வ. உ. சிதம்பரனார் பிறந்த ஊர். இன்னும் சிறிது சென்றால் எட்டயபுரம். 1882-இல் பாரதியார் பிறந்த வீடு அங்கே நினைவில்லமாக விளங்குகின்றது. கட்டபொம்மனை எதிர்த்துக் கும்பினியின் பக்கம் நின்ற பாளையம் எட்டயபுரம். அந்த ஊரிலேதான் பின்னொரு நாள் விடுதலைக் கவிஞர் பிறந்தார். கட்டபொம்மன் 1799 அக்டோபர் 16 அன்று தூக்கிலிடப்பட்ட கயத்தாறும் அதே வட்டாரத்தில் உள்ளது. இவை அனைத்தையும் ஒரு நாளில் பார்த்துவிடலாம். நிலப்படத்திலிருந்து நீக்கப்பட்ட பெயர் எப்படி மீண்டது? கதைப்பாடல்களாக மக்கள் நாவில் அது வாழ்ந்தது. நா. வானமாமலை போன்ற அறிஞர்கள் அப்பாடல்களைத் தேடித் தொகுத்தனர்.

இனி வயநாட்டுக்கு வருவோம்.

வடமலபாரில் தலைச்சேரிக்கு அருகில் கோட்டயம் என்னும் சிறு அரசு இருந்தது. அவ்வரச குடும்பத்தைச் சேர்ந்தவர் கேரளவர்மப் பழசிராஜா. மைசூர் ஆட்சியை எதிர்த்து நின்றவர் அவர். 1792-இல் சீரங்கப்பட்டண உடன்படிக்கைப்படி மலபார் கும்பினியின் கைக்கு மாறியது. கும்பினியார் வரி வசூலிக்கும் உரிமையைப் பழசிராஜாவுக்குத் தரவில்லை. அவருடைய உறவினராகிய குறும்பிரநாட்டு அரசருக்குத் தந்தனர். அதிலிருந்து மூண்டது பகை. 1797 மார்ச்சில் பெரியா கணவாயில் மேஜர் கேமரன் தலைமையில் வந்த படை சிதறடிக்கப்பட்டது, கேமரன் உயிரிழந்தார். அவ்வாண்டில் உடன்பாடு ஏற்பட்டுச் சண்டை ஓய்ந்தது. ஆனால் 1799-இல் திப்பு சுல்தான் வீழ்ந்தபின் கும்பினி வயநாட்டின்மீது உரிமை கொண்டாடவே, போர் மறுபடியும் தொடங்கியது. இதே காலத்தில்தான் பாஞ்சாலங்குறிச்சியிலும் சிவகங்கையிலும் விருப்பாட்சியிலும் கிளர்ச்சி எழுந்தது. இவையெல்லாம் தனித்தனித் தீப்பொறிகள் அல்ல, தம்முள் தொடர்பு கொண்ட தென்னிந்தியப் புரட்சி ஒன்றின் பகுதிகள் என்று வரலாற்றாசிரியர் கே. ராஜய்யன் ஆராய்ந்து எழுதியிருக்கிறார். ஆகவே எல்லைக்கு அப்பால் உள்ள இக்களங்கள் நமக்கும் உரியவை.

ஸ்ரீமதுரையிலிருந்து மேற்கே செல்லும் வழியில் நாம் முதலில் அடையும் பெரிய ஊர் சுல்தான் பத்தேரி. அதன் பழைய பெயர் கணபதிவட்டம். அங்குள்ள கல்லாலான சமணக் கோயிலைத் திப்புவின் படையினர் வெடிமருந்துக் கிடங்காகக் கொண்டனர். பீரங்கி நிலையைக் குறிக்கும் ‘பேட்டரி’ என்னும் ஆங்கிலச் சொல்லே பத்தேரி ஆயிற்று. போர் ஒரு கோயிலின் பயனையும் ஓர் ஊரின் பெயரையும் எவ்வாறு மாற்றிவிடுகின்றது என்பதற்கு இவ்வூரே சான்று.

அடுத்தது பனமரம். 1802 அக்டோபர் 11 அன்று அங்கிருந்த கும்பினியின் காவல்கோட்டை தாக்கப்பட்டது. அதற்குக் காரணமாகச் சொல்லப்படும் நிகழ்ச்சி மிகச் சிறியது. கும்பினியின் சேவகன் ஒருவன் குறிச்சியர் ஒருவரின் வீட்டுக்கு வந்து நெல் கேட்டு அதிகாரம் செய்தான். அப்போது அங்கே இருந்தவர் எடச்சேன குங்கன் என்னும் பழசிராஜாவின் தளபதி. அவர் அச்சேவகனைக் கொன்றுவிட்டார். குறிச்சியர் வில்லும் அம்புமாக அவரோடு சேர்ந்தனர். தலக்கல் சந்து என்னும் குறிச்சியர் தலைவர் முன்னின்றார். ஏறத்தாழ நூற்றைம்பது பேர் கோட்டையைத் தாக்கினர். கேப்டன் டிக்கன்சனும் லெப்டினன்ட் மேக்ஸ்வெலும் எழுபது வீரர்களும் மாண்டனர். 112 துப்பாக்கிகளும் ஆறு பெட்டி வெடிமருந்தும் ஆறாயிரம் ரூபாயும் வென்றவர் கைக்கு வந்தன. ஒரு குடியானவன் வீட்டு நெல்லில் தொடங்கியது இது என்பதை மறக்கலாகாது. பேரரசுகளின் பெரிய போர்கள் பல, உழவனின் களஞ்சியத்து வாயிலிலேதான் தொடங்குகின்றன.

இந்த வெற்றிக்குப் பின் எடச்சேன குங்கன் புல்பள்ளிக் கோயிலிலிருந்து மக்களை ஆயுதம் ஏந்துமாறு அழைத்தார். ஏறத்தாழ மூவாயிரம் பேர் திரண்டனர். ஆனால் கும்பினிக்குப் படைபலமும் பணபலமும் இருந்தன. 1804-இல் தலைச்சேரிக்கு உதவி ஆட்சியராக வந்த தாமஸ் ஹெர்வி பேபர், தலைவர்களின் தலைக்கு விலை வைத்தார், வேவுகாரர்களை அமர்த்தினார், காட்டுக்குள் உணவு செல்லும் வழிகளை அடைத்தார். 1805-இல் தலக்கல் சந்து பிடிபட்டார். அவ்வாண்டு நவம்பரில் கொல்லப்பட்டார். பனமரத்தில் இன்று அவருக்கு நினைவிடம் உண்டு.

புல்பள்ளிக்கு அப்பால், கர்நாடக எல்லையை ஒட்டி, மாவிலாத்தோடு என்னும் சிற்றோடை ஓடுகின்றது. 1805 நவம்பர் 30 அன்று காலையில், இரவெல்லாம் நடந்துவந்த பேபரின் படை அங்கே பழசிராஜாவைச் சூழ்ந்துகொண்டது. சிறிது நேரத்தில் எல்லாம் முடிந்தது. அவர் சுடப்பட்டு இறந்தார் என்பது கும்பினியின் ஆவணம். மோதிரத்து வைரத்தை விழுங்கி உயிர்நீத்தார் என்பது மக்கள் வழக்கு. பேபர் அரசரின் உடலைத் தம் சொந்தப் பல்லக்கில் ஏற்றி மானந்தவாடிக்கு அனுப்பினார். முறைப்படி இறுதிக்கடன் செய்யவும் ஏற்பாடு செய்தார். அங்கே பழசிராஜாவின் நினைவிடத்தை இன்றும் காணலாம். நமது ஒரு நாட் பயணமும் அங்கேதான் முடிகின்றது.

மாணவர்களே, இச்செய்திகள் நமக்கு எங்கிருந்து கிடைக்கின்றன என்று எண்ணிப் பாருங்கள். அரசரின் கடைசி நேரத்தை விரித்துரைப்பது, அவரைத் துரத்திப் பிடித்த பேபரே எழுதிய கடிதம். பனமரத்தில் எத்தனை துப்பாக்கிகள் பறிபோயின என்று எண்ணி வைத்தவர்கள், அவற்றை இழந்தவர்கள். இவற்றையெல்லாம் தொகுத்து 1887-இல் ‘மலபார் மானுவல்’ என்னும் நூலை வெளியிட்டவர், மலபாரின் ஆட்சியராக இருந்த வில்லியம் லோகன். கே. எம். பணிக்கர் பழசிராஜாவை நாயகராக்கி ‘கேரள சிம்மம்’ என்னும் நாவலை வெளியிட்டபோது ஆண்டு 1941. இடையில் நூறாண்டுக்கும் மேல் சென்றுவிட்டது. கான்கார்டில் களத்தருகே வெற்றி பெற்றவர்களின் எழுத்தாளர் வாழ்ந்தனர். வயநாட்டிலோ எழுதுகோல் பகைவர் கையில் இருந்தது. வில்லெடுத்த குறிச்சியரோ குறும்பரோ தாம் கண்டதைத் தாமே எழுதி வைத்த ஏடு எதுவும் நம் கையில் இல்லை.

இன்னும் ஒரு சாராரை நாம் மறந்துவிடக் கூடாது. கூடலூர்ப் பகுதியிலும் வயநாட்டிலும் வாழும் பணியர், அந்நாளில் நிலத்தோடு பிணைக்கப்பட்ட அடிமைகளாய் இருந்தனர். மானந்தவாடிக்கு அருகே உள்ள வள்ளியூர்க்காவுத் திருவிழாவில் ஆண்டுதோறும் அவர்களை வேலைக்குப் பேசிக்கொள்ளும் வழக்கம் நெடுங்காலம் இருந்தது. அரசர் வென்றிருந்தால் அவர்கள் விலங்கு அறுந்திருக்குமோ? அப்படிச் சொல்வதற்குச் சான்று இல்லை. மற்றொரு வியப்பையும் காணுங்கள். பழசிராஜாவை வேட்டையாடிய அதே பேபர், பிற்காலத்தில் மலபாரின் அடிமை முறையைக் கண்டித்து, இங்கிலாந்தின் பாராளுமன்றக் குழுவின்முன் சான்று கூறினார். வரலாற்றில் வரும் மனிதரை நல்லவர், தீயவர் என்று இரு கட்சியாகப் பிரித்துவிட்டால் படிப்பது எளிது. உண்மையை அறிவது அரிது. அரசருக்காகக் கண்ணீர் விடும் நாம், அவர் காலத்துப் பணியரின் நிலையையும் கேட்டறிதல் வேண்டும்.

போர் 1805-உடன் முடிந்துவிடவுமில்லை. 1812-இல் குறிச்சியரும் குறும்பரும் மீண்டும் எழுந்தனர். நெல்லாகச் செலுத்தி வந்த வரியைப் பணமாகச் செலுத்துமாறு கட்டாயப்படுத்தியதே முதன்மையான காரணம். சுல்தான் பத்தேரியிலும் மானந்தவாடியிலும் இருந்த காவற்படைகளை அவர்கள் முற்றுகையிட்டனர். மே மாதத்திற்குள் அவ்வெழுச்சி அடக்கப்பட்டது. இம்முறை அவர்களை நடத்திச் செல்லப் புகழ்பெற்ற அரசர் இல்லை. பழைய போரும் அரசர் ஒருவரின் உரிமைக்காக மட்டும் நடந்ததன்று என்பதை இதனால் உணரலாம்.

எழுத்தே அறியாத மலைநாடு என்று வயநாட்டைச் சொல்லவும் முடியாது. அம்பலவயலுக்கு அருகில் எடக்கல் குகையிலே கற்கால மனிதரின் செதுக்கோவியங்களும், அவற்றினிடையே தமிழ்ப் பிராமிக் கல்வெட்டும் உள்ளன. அத்துணைப் பழங்காலத்தில் இப்பாறையில் எழுத்தைப் பொறித்த நாடு, தன் விடுதலைப் போரைப் பகைவரின் கடிதத்தில் படிக்க நேர்ந்தது.

இந்தக் குறையை நீக்கக்கூடியவர்கள் நீங்கள். ஸ்ரீமதுரையிலும் கூடலூரிலும் பந்தலூரிலும் பயிலும் மாணவர்கள் ஒரு நாள் இக்களங்களுக்குச் சென்று வாருங்கள். எல்லைச் சாவடியைக் கடக்கையில், 1805-இல் அங்கே சாவடி இல்லை என்பதை நினைத்துக்கொள்ளுங்கள். திரும்பி வந்தபின், உங்கள் ஊரிலேயே முதிய முள்ளுக் குறும்பரையும் பணியரையும் வயநாடன் செட்டிமாரையும் பணிவோடு அணுகுங்கள். வயலுக்கும் ஓடைக்கும் குன்றுக்கும் அவர்கள் வழங்கும் பெயர்களைக் கேளுங்கள். பாட்டு உண்டா, அதில் யாருடைய பெயர் வருகின்றது என்று விசாரியுங்கள். கேட்டதைக் கேட்டபடியே எழுதுங்கள். யார் சொன்னார், எந்த நாளில் சொன்னார் என்பதையும் குறித்து வையுங்கள். கட்டபொம்மன் கதைப்பாடல்கள் இப்படித் தேடியதனாலேயே நமக்குக் கிடைத்தன. பேபரின் கடிதத்திற்குப் பக்கத்தில் வைத்துப் படிக்க, மலைமக்களின் வாய்ச்சொல்லும் ஏட்டில் ஏறட்டும். அந்த ஏட்டின் முதற் பக்கத்தை ஸ்ரீமதுரையின் பள்ளி மாணவர் ஒருவரே எழுதத் தொடங்கலாம்.