கிடங்குக்குள் இருந்தவர்கள்

அமெரிக்காவின் மினியாபொலிஸ் நகரில் 1934ஆம் ஆண்டு நிகழ்ந்த லாரி ஓட்டுநர் வேலைநிறுத்தத்தைப் பற்றி எழுதுவோர் பெரும்பாலும் துப்பாக்கிச் சூட்டையே எழுதுவர். நம் கருத்தைக் கவர்வதோ ஒரு வாசகத்தின் பொருள் குறித்து எழுந்த வழக்காகும்.

அந்நகர முதலாளிமாரின் குடிமக்கள் கூட்டணி, பல்லாண்டுகளாகத் தொழிற்சங்கம் எதனையும் தலையெடுக்க விட்டதில்லை. கடுங்குளிரில் நிலக்கரியின்றி நகரம் இயங்காது என்பதறிந்த தொழிலாளர், பிப்ரவரியில் கரிக்கிடங்குகளை முடக்கி வென்றனர். அதன்பின் டீம்ஸ்டர்ஸ் 574ஆம் எண் சங்கத்தில் ஆயிரக்கணக்கானோர் சேர்ந்தனர். மே மாதத்து வேலைநிறுத்தம் உடன்படிக்கையில் முடிந்தது; ஆனால் அது யார் யாரைக் குறிக்கும்? கிடங்கினுள் மூட்டை தூக்குவோரும் அடங்குவர் என்றது சங்கம். அடங்கார் என்றனர் முதலாளிமார்.

ஓட்டுநர்கள் தம்மளவில் கிடைத்ததைப் பெற்றுக்கொண்டு ஒதுங்கியிருக்கலாம். அவர்கள் ஒதுங்கவில்லை. உள்ளே உழைப்போருக்காகவும் ஜூலையில் மீண்டும் லாரிகளை நிறுத்தினர். இவ்வரலாற்றில் நாம் பெரிதென மதிப்பது இதனையே.

ஜூலை 20 அன்று, ஆயுதமற்ற தொழிலாளர்மீது காவலர் சுட்டனர். குண்டடிபட்டோர் 67 பேர்; அவர்களுள் ஹென்றி நெஸ், ஜான் பேலோர் ஆகிய இருவர் மாண்டனர். தொழிலாளருக்கு நண்பர் எனப் பெயர்பெற்ற ஆளுநர் ஃபிளாய்ட் ஓல்சனே இராணுவச் சட்டத்தைப் பிறப்பித்தார். சங்கத் தலைமையகத்தையும் படையினர் கைப்பற்றினர். எனினும் வேலைநிறுத்தம் தளரவில்லை.

ஆகஸ்டில் உடன்பாடு கண்டது. மணிக்குக் குறைந்த அளவாக ஓட்டுநருக்கு 50 சென்ட், உதவியாளருக்கும் கிடங்குத் தொழிலாளருக்கும் 40 சென்ட் கூலி என முடிவாயிற்று. சந்தைப் பகுதியின் 22 நிறுவனங்களில் கிடங்குத் தொழிலாளர் சார்பிலும் சங்கமே பேசும் என்பது இம்முறை ஏற்கப்பட்டது.