பராசக்திக்கு இசை போட்டவர்

பராசக்தி என்றதும் நம் ஜனங்களுக்குக் கோர்ட்டு சீன்தான் ஞாபகம் வரும். கலைஞர் வசனம், சிவாஜியின் முதல் படம், 1952 தீபாவளி ரிலீஸ் என்று சின்னப் பிள்ளைகூடச் சொல்லும். இசை யார் என்று கேட்டுப் பாருங்கள், பாதிப் பேர் முழிப்பார்கள். ஆர். சுதர்சனம் ஐயாவைப் பற்றி இந்தச் சித்திரை மலரில் நாலு வார்த்தை எழுதலாம் என்று உட்கார்ந்தேன். நம் கதைக்குப் பாட்டுக் கட்டியவராச்சே!

நம் கதை என்று சும்மா சொல்லவில்லை. 1941 டிசம்பர் 23ஆம் தேதி ஜப்பான்காரன் இரங்கூனில் குண்டு போட்டான். எங்கள் தாத்தா குடும்பம் அப்போது ஆற்றோரம் போட்டாதாங்கில். அடுத்த சில மாதங்களில் நாலைந்து லட்சம் இந்தியர் பர்மாவை விட்டுக் கிளம்பினார்கள். கப்பலில் இடம் கிடைத்தவன் பாக்கியவான், மற்றவர்களுக்குக் காடும் மலையும்தான். வழியிலேயே ஆயிரக்கணக்கில் மாண்டார்கள். போட்டாதாங் பகோடாவும் 1943 நவம்பரில் பிரிட்டிஷ் விமானக் குண்டில் தரைமட்டமானது. இப்போது இருப்பது பிறகு கட்டியது.

பராசக்தியும் அதே காலத்துக் கதைதான். இரங்கூனில் மூன்று அண்ணன் தம்பிகள், மதுரையில் தங்கச்சிக்குக் கல்யாணம், கப்பலுக்கு ஒரே ஒரு டிக்கெட். கடைக்குட்டி குணசேகரன் ஏறுகிறான். பின்னால் நடந்து கிளம்பியவர்களில் ஒருவர் காலை இழக்கிறார். அந்த டிக்கெட் சீன் வந்தால் எங்கள் அப்பத்தா எழுந்து வெளியே போய்விடுவார்.

சுதர்சனம் ஏவி.எம். கம்பெனியின் ஆஸ்தான இசையமைப்பாளர். நாம் இருவர் (1947), வாழ்க்கை (1949) எல்லாம் அவர் இசைதான். அன்றைய ரிக்கார்டிங்கில் பாடகரும் வாத்தியக்காரர்களும் சேர்ந்து ஒரே மூச்சில் முடிக்க வேண்டும். ஒருத்தர் பிசகினாலும் மறுபடி முதலிலிருந்து.

இந்திப் பட மெட்டுக்களைத் தமிழுக்குக் கொண்டுவருவது அப்போது வழக்கம். பராசக்தியிலும் அந்தச் சாயல் உண்டு, மறைப்பானேன். ஆனால் சி. எஸ். ஜெயராமன் பாடிய காக்கைப் பாட்டு இருக்கிறதே, அதை எல்லாவற்றுக்கும் மேலே வைப்பேன். ஊர் வந்து ஏமாந்து சோற்றுக்கு அலைகிறவனுக்கு யாரும் அழுகைப் பாட்டுத்தான் போடுவார்கள். இவர் துள்ளலாகப் போட்டார். கேட்கிறவனுக்குச் சிரிப்பும் வரும், சுருக்கென்று தைக்கவும் செய்யும்.

1960இல் களத்தூர் கண்ணம்மா. குழந்தை கமல்ஹாசனுக்கு எம். எஸ். ராஜேஸ்வரி குரல். பட்டணத்தில் பூதம் (1967) படத்துக்கு இசையமைத்த கோவர்த்தனம் இவருடைய தம்பிதான்.

போர் முடிந்து இரங்கூனுக்குத் திரும்பிப் போனவர்களில் எங்கள் வீட்டாரும் உண்டு. 1964இல் நெ வின் சர்க்கார் கடை கண்ணிகளை எடுத்துக்கொண்டதும் இரண்டாம் தடவையாகக் கப்பல். பெட்டியில் எதை வைப்பது, எதை விடுவது? கிராமபோனையும் தட்டுக்களையும் அப்பா பக்கத்து வீட்டு பர்மாக்காரரிடம் கொடுத்துவிட்டார். பராசக்தி தட்டும் அதோடு போச்சு. இங்கே வந்து காலனியில் நடந்த முதல் கல்யாணத்தில் மைக் செட்காரர் அந்தக் காக்கைப் பாட்டைப் போட்டார். அப்பா பந்தியிலிருந்து எழுந்து போய், இன்னொரு தரம் போடச் சொன்னார்.