தோட்டப்புறமும் சமகாலக் கலை நூல்களும்

ரப்பர், செம்பனைத் தோட்டங்களையும் அவை கடல் கடந்து வரவழைத்த மனிதர்களையும் கருப்பொருளாகக் கொண்ட கலைப் படைப்புகளைப் பற்றி எழுதப்பட்ட நூல்களும், கலைஞர்களே படைப்பாக உருவாக்கிய நூல்களும் இத்தலைப்பில் அடங்கும். மலேசியாவில் கலைக் கருத்துகளை விவாதிக்கும் எழுத்து 1970-களில் வலுப்பெற்றது. ஓவியத்தின் வண்ண அழகைப் பாராட்டுவதோடு நின்றுவிடாமல், ஒரு படைப்பு எந்தக் கேள்வியைக் கேட்கிறது, யாருடைய வாழ்வை வெளிச்சத்துக்குக் கொண்டுவருகிறது என்று ஆராய்வது இந்நூல்களின் வழக்கம். இவற்றில் சில பேசும் செம்பனை, மலாயாவில் வணிகப் பயிராக முதலில் வேரூன்றியது கோல சிலாங்கூர் மண்ணில். ஆகவே கட்டுரையும் அங்கிருந்தே தொடங்குகிறது.

தென்னமரம் தோட்டம்

சிலாங்கூர் ஆறு கடலில் கலக்கும் இடத்தில் கோல சிலாங்கூர் நகரம் இருக்கிறது. புக்கிட் மெலாவத்திக் குன்றும் கலங்கரை விளக்கமும், கம்போங் குவாந்தானில் இரவில் மின்னும் மின்மினிப் பூச்சிகளும் சுற்றுலாப் பயணிகளுக்குத் தெரிந்தவை. அங்கிருந்து உள்நாட்டுப் பக்கம் போனால் புக்கிட் ரோத்தான், ஈஜோக், இன்று பெஸ்தாரி ஜெயா எனப்படும் பத்தாங் பெர்ஜுந்தை என்று தோட்டங்கள் விரிகின்றன. இப்பகுதியிலுள்ள தென்னமரம் தோட்டத்தில், காப்பி பொய்த்துப்போன நிலத்தில், 1917-இல் ஹென்றி ஃபொகோனியே என்ற பிரெஞ்சுக்காரர் செம்பனையை வணிகப் பயிராக நட்டார். மலாயாவில் அப்படி நடப்பட்டது அதுவே முதல் முறை. ஆப்பிரிக்காவின் மேற்குக் கரையைச் சேர்ந்த மரம், பிரெஞ்சு முதலாளி, தமிழ்ப் பெயர் கொண்ட தோட்டம். பின்னாளில் கலைஞர்கள் பக்கம் பக்கமாகப் பேசிய குடிபெயர்வின் கதை முழுவதும் அந்த ஒரு தோட்டத்துக்குள்ளேயே இருக்கிறது.

ஃபொகோனியே எழுத்தாளரும்கூட. 1905-இல் மலாயா வந்து ரந்தாவ் பாஞ்சாங்கில் தோட்டம் போட்டவர், மலாய் மொழியோடு தமிழும் கற்றார். அவர் எழுதிய ‘மலேஸி’ என்னும் நாவல் 1930-இல் பிரான்சின் கொன்கூர் பரிசைப் பெற்றது. மறு ஆண்டே ஆங்கிலத்தில் ‘மலாயாவின் ஆன்மா’ என்ற பொருள்படும் தலைப்போடு வெளிவந்தது. இது கலை நூல் அன்று. ஆனாலும் இந்த நிலப்பரப்பைக் கலைஞனின் கண்ணோடு பார்த்து எழுதிய தொடக்ககால நூல்களில் ஒன்று என்பதால் இங்கே இடம்பெறுகிறது. காட்டையும் மழையையும் ஒளியையும் எழுதும்போது ஃபொகோனியேயின் கை தளர்வதே இல்லை. தமிழர்களை எழுதும்போதோ துரை பங்களாவின் வராந்தாவில் இருந்தபடியே பார்க்கிறார். தொழிலாளர்களின் வரிசை வீடுகளான லயத்துக்குள் அவர் பேனா நுழையவில்லை. லயத்திலிருந்து வெளியே பார்க்கும் கண் எது என்ற கேள்வி, இதற்குப் பின் வந்த நூல்கள் அனைத்துக்கும் பொதுவாக இருக்கிறது.

மரப்பட்டையில் ஒரு கோடு

தோட்டத்தைக் கலையின் பொருளாக எடுத்தாள்வது வெளியிலிருந்து கொண்டுவந்து ஒட்டியது போலச் சிலருக்குத் தோன்றலாம். ரப்பர்ப் பால்மரத்தின் அருகே நின்று பார்த்தால் அப்படித் தோன்றாது. விடியுமுன் வருகைக் கணக்கெடுக்கும் பெரட்டுக் களத்தில் பெயர் கொடுத்துவிட்டு நெற்றியில் விளக்கோடு தன் மர நிரைக்குப் போகும் தொழிலாளி, முந்தைய வெட்டுக்குக் கீழே மிக மெல்லியதாகப் பட்டையைச் சீவுவார். ஆழம் கூடினால் மரம் புண்ணாகும், குறைந்தால் பால் வராது. சாய்வாக இறங்கும் அந்தக் கோட்டின் வழியே பால் வழிந்து மங்கு என்னும் கிண்ணத்தில் சொட்டும். ஒன்றன்கீழ் ஒன்றாக ஆண்டுக்கணக்கில் சேர்ந்த அந்தக் கோடுகளைத் தடவிப் பார்த்தால் ஒருவரின் உழைப்பு முழுவதும் விரலுக்குத் தட்டுப்படும். கையெழுத்துப் போடத் தெரியாத கைகள் வரைந்தவை அவை. கோடு என்பதே ஓவியத்தின் அடிப்படை என்று கலைக் கல்லூரிகளில் கற்பிக்கிறார்கள். அந்தப் பாடத்தில் இந்தக் கோட்டுக்கும் இடம் இருக்க வேண்டும்.

ரப்பரைவிடச் செம்பனைக்கு ஆள் குறைவாகவே வேண்டும். பால்மரங்கள் சாய்க்கப்பட்டுச் செம்பனை ஏறியபோதும், பிறகு நிலம் வீடமைப்புக்கும் நகரத்துக்கும் விற்கப்பட்டபோதும், லயங்கள் காலியாயின. வட சிலாங்கூரில் மேரி, நைகல் கார்டனர், சுங்கை திங்கி, புக்கிட் தாகார், மின்யாக் ஆகிய ஐந்து தோட்டங்களின் முன்னாள் தொழிலாளர்கள் வீட்டுக்காக நெடுங்காலம் போராடியது இப்பகுதி மக்கள் நன்கறிந்த வரலாறு.

முதல் நூல்கள்

மலேசியாவில் கலைக் கருத்துகளை நேரடியாக விவாதித்த நூல்களுள் மிகச் சிறியதும் மிகப் பெரிய சண்டையைக் கிளப்பியதும் 1974-இல் வந்த ‘மறைபொருள் மெய்ம்மையை நோக்கி’ என்ற பொருள்படும் அறிக்கைச் சிறுநூல். கலைஞர்கள் ரெட்சா பியதாசா, சுலைமான் ஏசா இருவரும் கோலாலம்பூரில் மொழி, இலக்கிய நிறுவனமான டேவான் பகாசா டான் புஸ்தகாவில் நடத்திய கண்காட்சியோடு அதை வெளியிட்டார்கள். கண்காட்சியில் ஓவியம் எதுவும் இல்லை. பறவையை விடுவித்த பின் வெறுமையாக நின்ற கூண்டு, எரிந்து தீர்ந்த கொசுவர்த்திச் சுருள்கள், பாதி குடித்த கோக்கோ கோலா புட்டிகள், கிள்ளான் குப்பைமேட்டில் கிடைத்த யாரோ ஒருவருடைய மழைக்கோட்டு போன்றவையே காட்சிக்கு வைக்கப்பட்டன. மழைக்கோட்டு கண்டெடுக்கப்பட்ட நாளும் மணியும் நிமிடமும் அதன் தலைப்பிலேயே குறிக்கப்பட்டிருந்தன. பொருளை அதன் வடிவத்தால் மட்டும் அளக்கும் மேற்கத்தியப் பார்வையை விட்டுவிட்டு, அது கடந்துவந்த காலத்தோடு சேர்த்துப் பார்க்கும் ஆசிய மனநிலையை எடுத்துக்கொள்ளுங்கள் என்பதே அறிக்கையின் வாதம். திறப்பு நாளன்று கவிஞர் சாலே பென் ஜோனெட் அந்த அறிக்கையின் பிரதி மீது சிறுநீர் கழித்துத் தம் எதிர்ப்பைக் காட்டியது மலேசியக் கலை வரலாற்றில் நிலைத்துவிட்டது. அந்த மழைக்கோட்டு ஒரு தொழிலாளியுடையதாக இருந்திருக்கலாம் என்ற எண்ணம் கிள்ளான் பக்கத்துத் தோட்டங்களை அறிந்த எவருக்கும் வரும்.

இந்த விவாதங்களை வரலாறாக்கியவர் டி.கே. சபாபதி. 1938-இல் சிங்கப்பூரில் பிறந்து, பினாங்கில் மலேசிய அறிவியல் பல்கலைக்கழகத்திலும் பின்னர் சிங்கப்பூரிலும் கலை வரலாறு கற்பித்தவர். ரெட்சா பியதாசாவோடு சேர்ந்து 1983-இல் அவர் எழுதிய ‘மலேசியாவின் நவீன ஓவியர்கள்’ இத்துறையின் அடித்தள நூல். 1994-இல் தேசியக் கலைக்கூடத்துக்காக அவர் பதிப்பித்த ‘நோக்கும் எண்ணமும்’ என்னும் தொகுப்பு, அதுவரை எழுதப்பட்ட வரலாற்றையே மறுபரிசீலனை செய்தது. 1973 முதல் 2015 வரையிலான அவருடைய கட்டுரைகளில் தேர்ந்தெடுத்தவை 2018-இல் ‘நவீனத்தை எழுதுதல்’ என்ற பெருநூலாக வந்தன. தென்கிழக்காசியக் கலை வரலாற்றை எழுத முனைகிற எவரும் சபாபதியைத் தாண்டிப் போக முடியாது. அவர் பெயரைத் தமிழ் வாசகர்களில் மிகச் சிலரே கேள்விப்பட்டிருப்பது நமக்குப் பெரிய இழப்பு.

மரமும் மனிதரும்

தோட்டத்தை நேரடியாகப் பொருளாக்கிய நூல்களில் முதலில் சொல்ல வேண்டியது, 1960-இல் பினாங்கில் பிறந்த கலைஞர் வோங் ஹோய் சியோங்கின் 1996-ஆம் ஆண்டுக் கண்காட்சியையொட்டி வந்த ‘புலம்பெயர்ந்தோரும் ரப்பர் மரங்களும்’. கரிக்கோலால் வரைந்த பெரும் சித்திரங்களில் குடியேறிய குடும்பங்களின் கதையை அவர் சொன்னார். பிரேசிலிலிருந்து வந்த ரப்பர் மரத்தை யாரும் வந்தேறி என்று சொல்வதில்லை, அதற்காகக் கப்பலேறி வந்தவர்களை மட்டும் மூன்று தலைமுறை கழிந்தும் ஏன் அப்படிப் பார்க்கிறார்கள் என்ற கேள்வியை அந்தத் தலைப்பே எழுப்பிவிடுகிறது.

கலைஞர் சிம்ரின் கில் இதே கேள்வியைச் செடிகொடிகளிடம் கொண்டுபோனார். 1959-இல் சிங்கப்பூரில் பிறந்து போர்ட்டிக்சனில் வளர்ந்த இவர், சிட்னியிலும் போர்ட்டிக்சனிலும் வாழ்பவர். 1996 முதல் 1998 வரை உருவாக்கிய ‘காடு’ என்ற வரிசையில் புத்தகத் தாள்களைக் கிழித்துச் செடிகளின் தண்டிலும் இலையிலும் ஒட்டிப் படமெடுத்தார். தூரத்திலிருந்து பார்த்தால் இலை. கிட்டே போனால் அச்செழுத்து. ஆஸ்திரேலியாவுக்குக் கொண்டுவரப்பட்டுப் பின் களை என்று வெறுக்கப்பட்ட வெப்பமண்டலத் தாவரங்களுக்குக் கைலி கட்டிப் படமெடுத்தார் 1999-இல். லயத்து முற்றத்தில் கைலியோடு நின்ற தாத்தாக்களைக் கண்ட கண்ணுக்கு அந்தப் படங்களின் பொருளை யாரும் விளக்க வேண்டியதில்லை. 2013 வெனிஸ் பினாலே கலைக் கண்காட்சியில் ஆஸ்திரேலிய அரங்கின் கூரையில் ஒரு பகுதியை அகற்றி மழையும் வெயிலும் தம் படைப்புகள்மேல் படும்படி விட்டார். அதையொட்டி வந்த நூலின் பெயர் ‘இங்கே கலை மரத்தில் காய்க்கிறது’.

கோல சிலாங்கூருக்கு மிக நெருங்கி வருவது, சிம்ரின் கில்லும் மானிடவியலாளர் மைக்கேல் டாசிக்கும் இணைந்து உருவாக்கி 2017-இல் வெளியான ‘செம்பனையாதல்’. சிங்கப்பூர் நன்யாங் தொழில்நுட்பப் பல்கலைக்கழகத்தின் சமகாலக் கலை மையமும் ஸ்டெர்ன்பெர்க் பதிப்பகமும் வெளியிட்ட சிறு நூல் இது. ஒருவர் மலேசியச் செம்பனையோடும் மற்றவர் கொலம்பியச் செம்பனையோடும் பழகியவர். ஒரு மரம் ஒரு நாட்டின் நிலத்தையும் காற்றையும் சமையலையும் மனத்தையும் எப்படித் தன்வயமாக்குகிறது என்று இருவரும் யோசிக்கிறார்கள். டாசிக் அடுத்த ஆண்டே கொலம்பியாவை வைத்து ‘ஆப்பிரிக்கப் பனை’ என்ற தனி நூலும் வெளியிட்டார். நெடுஞ்சாலையின் இருபுறமும் ஒரே உயரத்தில், ஒரே இடைவெளியில் நிற்கும் செம்பனை வரிசைகளைத் தினமும் கடந்து போகிற நாம் அவற்றைப் பார்ப்பதையே நிறுத்திவிட்டோம். மறுபடி பார்க்கக் கற்றுத் தருவதே இந்த நூலின் பெருமதிப்பு.

நூல்களோடு சேர்த்துப் பார்க்க வேண்டிய கலைஞர்கள் இருவர். ஜோகூர் பாருவில் 1965-இல் பிறந்த ஓவியர் அனுரேந்திரா ஜெகதேவா, மலேசியாவில் தமிழராய் இருப்பதன் சிக்கல்களைத் தொடர்ந்து வரைந்து வருபவர். திருமண மேடையை நினைவூட்டும் பெரிய நிறுவல் படைப்பொன்றுக்கு ‘மணவறை’ என்ற தமிழ்ச் சொல்லையே தலைப்பில் வைத்தார். கிள்ளானில் 1953-இல் பிறந்து சிங்கப்பூரில் பணிபுரியும் குமாரி நாகப்பன், ஆனைக்குன்றிமணி, மிளகாய், ஜாதிக்காய் ஆகியவற்றைப் பேருருவச் சிற்பங்களாக்கியவர்.

மலேசியக் கலையைப் பற்றிய எழுத்துகளை ஒருசேரக் காண விரும்புவோருக்கு ‘மலேசியக் கலையின் கதையாடல்கள்’ என்னும் நான்கு தொகுதிகள் உள்ளன. நூர் ஹனிம் கைருடின், பெவர்லி யோங், சபாபதி உள்ளிட்டோரைப் பதிப்பாசிரியர்களாகக் கொண்டு 2012-இல் தொடங்கிய இவ்வரிசை 2019-இல் நிறைவடைந்தது. அடையாளங்களைப் பற்றிய முதல் தொகுதியை முதலில் படிப்பது நல்லது.

யாழ்ப்பாணத்திலிருந்து ஒரு முன்மாதிரி

தமிழர் வாழ்வைக் கலை நூலாக்கியதில் உச்சம் என்று நான் கருதுவது, யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தில் கற்பிக்கும் ஓவியர் தா. சனாதனனின் ‘முற்றுப்பெறாத தோம்பு’. 2011-இல் சர்மினி பெரேராவின் ரேக்கிங் லீவ்ஸ் பதிப்பகம் வெளியிட்டது. தோம்பு என்பது போர்த்துக்கீசியர் காலத்து நிலப் பதிவேடு. இலங்கைப் போரில் வீடிழந்தவர்களிடம் சனாதனன் போனார், தங்கள் வீட்டின் வரைபடத்தை நினைவிலிருந்து வரையச் சொன்னார். அப்படி வந்த 80 வீடுகள் நூலில் உள்ளன. ஒவ்வொன்றுக்கும் வீட்டுக்காரர் வரைந்த படம், கட்டடக் கலைஞர் முறைப்படி திருத்தி வரைந்த படம், சனாதனன் தீட்டிய சித்திரம் என மூன்று வடிவங்கள். நூலே பழைய கோப்பைப் போலக் கட்டப்பட்டிருக்கிறது. கிணறு இருந்த இடத்தையும் மாமரம் நின்ற இடத்தையும் நடுங்கும் கோட்டால் குறித்திருக்கும் பக்கத்துக்கு முன்னால் முறையான வரைபடம் வாயடைத்து நிற்கிறது.

தோட்டத்திலும் ஏடு உண்டு. கிராணி என்னும் தோட்ட எழுத்தர் எழுதிய செக்ரோல் என்ற வருகைப் பதிவேட்டில் யார் வேலைக்கு வந்தார், யார் வரவில்லை என்பது பதிவாகியிருந்தது. அந்த மனிதர்கள் எந்த வீட்டில் பிறந்து எந்தத் திண்ணையில் படுத்தார்கள் என்பதற்கு அதில் இடமில்லை. மேலே கூறிய மலேசியக் கலை நூல்கள் பெரும்பாலும் ஆங்கிலத்தில் எழுதப்பட்டவை. தென்னமரத்திலோ மேரியிலோ புக்கிட் ரோத்தானிலோ பால் வெட்டிய பாட்டியால் அவற்றைப் படிக்க முடியாது. ஆனால் தன் லயத்தின் படத்தை அவரால் வரைய முடியும்: எட்டு வீட்டு வரிசை, பின்னால் அடுப்படி, முனையில் தண்ணீர்க் குழாய், மேட்டில் மாரியம்மன் கோயில், குழந்தைகளைப் பார்த்துக்கொள்ளும் ஆயாக்கொட்டகை. வட சிலாங்கூரில் பிறந்து இன்று வெவ்வேறு ஊர்களில் இருக்கும் பிள்ளைகளே, ஒரு தாளும் பென்சிலும் எடுத்துக்கொண்டு இந்த வாரமே உங்கள் பாட்டியிடம் போய் உட்காருங்கள். அவர் வரைவதைத் தேதி போட்டுப் பத்திரப்படுத்துங்கள். நம் மொழியில் வர வேண்டிய நூலின் முதல் பக்கம் அதுதான்.