எஸ். என். லட்சுமி: முதுமையை நடித்த உடல்

தமிழ்த் திரையில் அம்மா, பாட்டி வேடங்கள் பெரும்பாலும் கதாநாயகி வாய்ப்பு வற்றிய நடிகையருக்கு வந்து சேர்பவை. எஸ். என். லட்சுமியின் பாதை வேறு. விருதுநகர்ப் பக்கத்துச் சென்னல்குடியில் பிறந்து, இளவயதிலேயே ஊரை விட்டு நாடகத்தை நாடி வந்தவர் அவர். நாயகியாக ஆண்டுவிட்டுப் பிறகு இறங்கி வராமல், மேடையில் பழகிய கையோடு திரையில் தாய் வேடங்களுக்கு வந்தார்.

ஜெமினி வாசனின் 'சந்திரலேகா'வில் (1948) பெரிய முரசுகளின்மேல் ஆடிய பெண்கள் கூட்டத்தில் அவரும் ஒருவர். முகம் தெரியாத வேலை. கால் பிசகினால் மட்டும் கண்ணில் படும் வேலை. எம்.ஜி.ஆர். நடித்த 'பாக்தாத் திருட'னில் டூப் வைக்காமல் சிறுத்தையோடு சண்டைக் காட்சியில் இறங்கினார் என்பதும் திரையுலகம் அவரைப் பற்றிச் சொல்வது. பின்னாளில் அவரைக் கூன் விழுந்த பாட்டியாக மட்டுமே பார்த்தவர்களுக்கு இது வேடிக்கையாகப் படலாம். ஆனால் அந்தப் பாட்டியை நிற்க வைத்ததே இந்த உடற்பயிற்சிதான் என்பது என் துணிபு.

நாடகத்தில் எஸ். வி. சகஸ்ரநாமத்தின் சேவா ஸ்டேஜ், பிறகு பாலசந்தரின் நாடகங்கள். கடைசி வரிசைக்கும் கேட்கும்படி, அதே சமயம் கத்தாமல் வசனம் பேச வேண்டிய இடம் மேடை. 'சர்வர் சுந்தர'த்தில் (1964) நாகேஷுக்குத் தாயாக வந்தபோது இருவருக்கும் வயது வித்தியாசம் மிகச் சில ஆண்டுகளே. மகன் நடிகனாகிப் படப்பிடிப்பில் மாட்டிக்கொண்டிருக்க, தாய் இறந்துபோகிறாள். அந்தத் தாய் சற்றே மிகையாகியிருந்தாலும் படம் அழுகாச்சியாகச் சரிந்திருக்கும். அளவு தெரிந்து நடித்தார். அந்த வேடத்துக்கு உரிய பாராட்டு அவருக்கு வரவில்லை; எல்லாப் புகழையும் நாகேஷ் வாரிக்கொண்டார், அதில் நியாயமும் உண்டு.

'மைக்கேல் மதன காம ராஜ'னில் (1990) வரும் திருட்டுப் பாட்டியை யாரும் மறக்கவில்லை. கண்ணில் பட்டதைச் சுருட்டிக்கொண்டு, அடுத்த நொடியே ஒன்றும் அறியாதவள்போல் முகத்தை வைத்துக்கொள்வார். சிரிப்பு வசனத்தில் பாதி, கையின் வேகத்தில் பாதி. அறுபதைத் தாண்டிய உடம்பில் அந்த வேகம் திடீரென வந்துவிடாது. கிரேசி மோகனின் வசனத்தைப் பாலக்காட்டுத் தமிழில் பேசிய அதே வாய், 'விருமாண்டி'யில் (2004) தென்பாண்டிக் கிராமத்துப் பேச்சுக்குத் தடையின்றி மாறியது. இரண்டுக்கும் நடுவே 'மகாநதி'யில் (1994) மாமியார். மருமகன் சிறைக்குள் கிடக்க, பேரப்பிள்ளைகளோடு தவிக்கும் அந்த மூதாட்டியிடம் நகைச்சுவையின் சாயல்கூட இல்லை.

நடிகையின் வரலாற்றை நாயகி வேடங்களை வைத்தே எழுதும் வழக்கம் நம்மிடம் ஊறிவிட்டது. அந்தக் கணக்கில் லட்சுமிக்கு ஒரு பத்திகூடத் தேறாது. 2012 பிப்ரவரி 20 அன்று சென்னையில் காலமானார். கடைசிக் காலத்திலும் 'சரவணன் மீனாட்சி' தொலைக்காட்சித் தொடரில் பாட்டியாக நடித்துக்கொண்டிருந்தார்.