திரும்பிப் பார்த்தவர்

1979 நவம்பர், லண்டன் லங்காஸ்டர் கேட் சுரங்க ரயில் நிலையம். ஜாய் டிவிஷன் குழுவினர் கேமராவுக்கு முதுகு காட்டி நிற்கிறார்கள். பாடகர் இயன் கர்ட்டிஸ் மட்டும் திரும்பிப் பார்க்கிறார். எடுத்தவர் அன்டன் கோர்பைன், 24 வயது. இவங்க பாட்டுக்காகவே நெதர்லாந்தை விட்டு வந்தவர். அடுத்த மே மாதம் கர்ட்டிஸ் தற்கொலை செய்துகொண்டார். அதன்பிறகு அந்தப் படத்தை யாராலும் சாதாரணமாகப் பார்க்க முடியவில்லை.

கச்சேரிப் படம்னா நாலு பக்கமும் கேமராவை நட்டுவச்சு வெட்டி ஒட்டுறதுதானே என்று நானும் நினைத்திருந்தேன். டிப்பெஷ் மோட் குழுவுக்காக 1993இல் அவர் எடுத்த ‘டிவோஷனல்’ அப்படியில்லை. மேடையையும் பின்திரைக் காட்சிகளையும் வடிவமைத்தவரும் அவரே. ஒரு போட்டோகிராஃபர் தன் ஃப்ரேமை முதலில் கட்டிவிட்டு, அப்புறம் ஆட்களை உள்ளே பாடவிடுகிறார்.

2007இல் கர்ட்டிஸிடமே திரும்பினார். ‘கண்ட்ரோல்’ கதைப்படம், சொந்தக் காசையும் போட்டார். முழுக்கக் கறுப்பு வெள்ளை. அவர் அந்தக் குழுவைப் படம் பிடித்ததும் அப்படித்தானே.

2019இல் வந்த ‘ஸ்பிரிட்ஸ் இன் தி ஃபாரஸ்ட்’ டிப்பெஷ் மோடின் பெர்லின் கச்சேரி பற்றியது. எனக்கு ‘டிவோஷனல்’தான் ஒசத்தி. ஆனால் இதில் கேமரா பாதி நேரம் மேடைப் பக்கமே இல்லை. ஆறு ரசிகர்களின் வீடுகளுக்குப் போகிறது. அதில் ஒருத்தி மங்கோலியாவின் உலான்பாத்தரிலிருந்து பெர்லினுக்கு வருகிறாள்.