தூக்குக்குப் பின் நடந்த வாதம்

வைர விழா மலருக்கு நீதியைப் பற்றி எழுதித் தருமாறு விழாக் குழுவினர் பணித்தார்கள். மதுரை வழக்கறிஞர்களுக்குச் சாட்சியச் சட்டம் சொல்வது கொல்லர் தெருவில் ஊசி விற்பதாகும். ஆதலால், வழக்கறிஞரல்லாத ஒருவரைப் பற்றி எழுதுகிறேன்.

லுடோவிக் கென்னடி 1919இல் எடின்பரோவில் பிறந்தவர். போர்க்காலத்தில் கடற்படையில் பணியாற்றியவர். பின்னாளில் தொலைக்காட்சியால் வீடுதோறும் அறிமுகமானவர். அவர் பெயரை நிலைநிறுத்தியது 1961இல் வந்த ‘டென் ரில்லிங்டன் பிளேஸ்’ என்னும் நூல்.

லண்டனில் அந்த முகவரியில் குடியிருந்தவர் திமோத்தி எவன்ஸ். எழுத்தறிவு குறைந்த வேல்ஸ் இளைஞர். 1949 டிசம்பரில் அவருடைய மனைவி, கைக்குழந்தை இருவரின் உடல்களும் பின்கட்டுச் சலவை அறையில் கிடைத்தன. குழந்தையைக் கொன்றதாக எவன்ஸ் மீது வழக்கு நடந்தது. அரசுத் தரப்பின் முதன்மைச் சாட்சி, கீழ்வீட்டு ஜான் கிறிஸ்டி. 1950 மார்ச் 9 அன்று எவன்ஸ் தூக்கிலிடப்பட்டார். மூன்றாண்டு கழித்து, அந்தச் சாட்சியின் சமையலறைச் சுவருக்குள்ளிருந்து பெண்களின் பிணங்கள் வெளிப்பட்டன.

கென்னடி செய்தது ஆரவாரமற்ற வேலை. கொலைகள் நடந்த நாட்களில் அந்த வீட்டில் பழுது பார்த்த கொத்தனார்கள் சலவை அறைக்குப் போய்வந்துகொண்டிருந்தார்கள். அவர்களுடைய வாக்குமூலங்களை எவன்ஸின் ஒப்புதல் வாக்குமூலத்தோடு நாள்வாரியாகப் பொருத்திப் பார்த்தார், பொருந்தவில்லை. ஜூரிகள் முன் வராத அந்தச் செய்தியே நூலின் உயிர்நாடி.

திருக்குறளில் செங்கோன்மை அதிகாரம், குற்றத்தை ஆராய்வதை முதற்குறளில் வைக்கிறது. கொலைத் தண்டனையைப் பத்தாம் குறளில்தான் பேசுகிறது. இடையே எட்டுக் குறட்பாக்கள்! இந்த வரிசை தற்செயலன்று என்பது அடியேனின் துணிபு. நம் பாண்டியன் இந்த வரிசையைத் தவறவிட்டான். ஒரு பொற்கொல்லன் சொல்லை நம்பிக் கோவலனைக் கொல்வித்தான். ஆயினும், சிலம்பு உடைந்து மாணிக்கப் பரல் தெறித்த கணமே உயிர் துறந்தான். லண்டனில் எவரும் அரியணையிலிருந்து விழவில்லை. 1953இல் அவசரமாக நடந்த விசாரணை, எவன்ஸே இரு கொலைகளையும் செய்தார் என்று சாதித்தது. எனினும், எவன்ஸைத் தூக்கிலிட இசைந்த அந்நாள் உள்துறை அமைச்சர் சூட்டர் ஈட் 1955இல் நாடாளுமன்றத்தில் எழுந்து தவறு நேர்ந்ததை ஒப்பினார். பாண்டியன் மரபில் அவருக்கும் ஓரிடம் தரலாம்.

கென்னடியின் நூல் வந்தபின் கிளர்ச்சி வலுத்தது. பிராபின் என்னும் நீதிபதி மறுபடி ஆராய்ந்தார். குழந்தையை எவன்ஸ் கொன்றிருக்க மாட்டார், மனைவியைக் கொன்றிருக்கக்கூடும் என்றார். வழக்கோ குழந்தையைப் பற்றியது! 1966 அக்டோபரில் அரச மன்னிப்பு வந்தது. அதற்கு முந்தைய ஆண்டே கொலைக்கான தூக்குத் தண்டனையைப் பிரிட்டன் நிறுத்திவைத்திருந்தது.

ஸ்காட்லாந்தில் தவறாகத் தண்டிக்கப்பட்ட பேட்ரிக் மீஹனுக்காகவும் கென்னடி எழுதினார். 1976இல் அவருக்கும் மன்னிப்புக் கிட்டியது. லிண்ட்பர்க் குழந்தை வழக்கில் தண்டிக்கப்பட்ட ஹாப்ட்மனைப் பற்றிய நூல் 1985இல் வந்தது. கென்னடி 1994இல் சர் பட்டம் பெற்றார், 2009இல் மறைந்தார்.

நம் மன்ற நூலகத்துக்கு ரில்லிங்டன் நூலை வாங்கிவைக்க நிர்வாகிகளை வேண்டுகிறேன். இளையோரே, கொத்தனார்களின் வாக்குமூலம் வரும் பகுதியை முதலில் படியுங்கள்.